டப்பா மேல் ஒட்டிய சீட்டு

பழைய தமிழ்ப் படங்களில் இதைக் கவனித்திருப்பீர்கள். கதாநாயகன் மேல்படிப்புக்கு லண்டன் போவான். மீனம்பாக்கத்தில் மாலை போட்டு அனுப்பிவைப்பார்கள். அடுத்த ஷாட்டில் ஒரு விமானம் ஏறும், அதற்கடுத்த ஷாட்டில் இறங்கும். ஏறியது ஒரு கம்பெனி விமானம், இறங்கியது வேறு கம்பெனி. உற்றுப் பார்த்தால் ஏறும்போது இரண்டு இன்ஜின், இறங்கும்போது நாலு இன்ஜின்கூட இருக்கும். சினிமாக்காரர்கள் இதை 'ஸ்டாக் ஷாட்' என்பார்கள். யாரோ எப்போதோ எடுத்துவைத்த துண்டு, வேண்டியவர் வாங்கி ஒட்டிக்கொள்ளலாம். நாமும் சிரித்துவிட்டு மன்னித்துவிடுவோம். கதைதானே, யாருக்கு என்ன நஷ்டம்?

இதே வேலையை ஓர் ஆவணப்படத்தில் செய்தால் நஷ்டம் உண்டு. 'இது வங்கப் பஞ்சம்' என்று சொல்லிவிட்டு வேறு ஏதோ ஒரு பஞ்சத்தின் எலும்புக்கூட்டுக் குழந்தையைக் காட்டினால், அங்கே இரண்டு பேருக்குத் துரோகம் நடக்கிறது. பார்க்கிற உங்களுக்கு ஒன்று. தன் பெயரும் ஊரும் பறிபோன அந்தக் குழந்தைக்கு ஒன்று.

இந்தத் துரோகம் நடக்காமல் பார்த்துக்கொள்வதற்கென்றே ஓர் ஆள் இருக்கிறார். வெளிநாட்டு ஆவணப்படங்களின் டைட்டில் கார்டில், சாப்பாடு சப்ளை செய்தவருக்குப் பக்கத்தில், 'ஃபிலிம் ரிசர்ச்' என்று பொடி எழுத்தில் ஒரு பெயர் ஓடும். அமெரிக்காவில் இப்போது கொஞ்சம் மரியாதையாக 'ஆர்க்கைவல் புரொட்யூசர்' என்கிறார்கள். நாம் சேனலை மாற்றும் நேரத்தில்தான் அந்தப் பெயர் வரும்.

இவர் என்ன செய்கிறார்? 'பழைய ஃபுட்டேஜ் தேடிக் கொடுப்பார்' என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். அது பாதி வேலை. ஆவணக் காப்பகத்துக்குப் போய், அட்டவணையைப் புரட்டி, சுருள் சுருளாகப் போட்டுப் பார்த்து, எந்தச் சுருளில் எத்தனையாவது நிமிஷத்தில் என்ன இருக்கிறது என்று குறித்துக்கொண்டு, அதன் உரிமை யாரிடம் என்று விசாரித்து, விநாடிக் கணக்கில் பேரம் பேசி வாங்க வேண்டும். பொறுமை இருந்தால் போதும், இதைச் செய்துவிடலாம்.

மீதிப் பாதிதான் கஷ்டம். ஃபிலிம் டப்பாவின் மேல் ஒரு சீட்டு ஒட்டியிருக்கும். இன்ன ஊர், இன்ன தேதி, இன்ன சம்பவம். அந்தச் சீட்டை நம்பக் கூடாது. அதைப் பொய் என்று வைத்துக்கொண்டு, மெய் என்று நிரூபணமாகும்வரை விடாமல் கேள்வி கேட்க வேண்டும். கிட்டத்தட்ட போலீஸ் புத்தி.

தடயங்கள் ஃபிலிமிலேயே இருக்கும். கோடக் கம்பெனி தன் ஃபிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சின்னக் குறிகளை அச்சிட்டது. அந்த ஃபிலிம் எந்த வருஷம் தயாரானது என்பதற்கான சங்கேதம் அது. இருபது வருஷத்துக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும் என்பதால் 1923-ஆ 1943-ஆ என்பதை மற்ற விஷயங்களை வைத்து முடிவு செய்ய வேண்டும். தெருவில் ஓடும் கார், சுவரில் ஒட்டிய போஸ்டர், சிப்பாயின் தொப்பி, மரத்தில் இலை இருக்கிறதா இல்லையா, நிழல் எந்தப் பக்கம் விழுகிறது, எல்லாமே சாட்சி. இவற்றுக்கெல்லாம் மேலே ஒரு கேள்வி உண்டு: காமிராக்காரர் எங்கே நிற்கிறார்? சிப்பாய்கள் துப்பாக்கியை நீட்டிக்கொண்டு காமிராவை நோக்கி ஓடி வந்தால், காமிராக்காரர் எதிரியின் குழிக்குள் உட்கார்ந்திருந்தார் என்று அர்த்தம். அல்லது அது சண்டையே இல்லை என்று அர்த்தம்.

நிஜமான ஓர் உதாரணம் பார்க்கலாம். 1916 ஜூலை 1-ம் தேதி பிரான்ஸில் சோம் சண்டை ஆரம்பித்தது. ஜெஃப்ரி மாலின்ஸ், ஜான் மெக்டவல் என்ற இரண்டு காமிராக்காரர்கள் எடுத்த காட்சிகளைக் கோத்து, அடுத்த மாதமே 'பேட்டில் ஆஃப் தி சோம்' என்று பிரிட்டனில் வெளியிட்டார்கள். ஆறே வாரத்தில் சுமார் 2 கோடி டிக்கெட் விற்றதாகக் கணக்கு. அதில் ஒரு காட்சி: பதுங்குகுழியிலிருந்து சிப்பாய்கள் மேலே ஏறுகிறார்கள், ஒருவன் அப்படியே சரிந்து விழுகிறான். முதல் உலகப் போர் பற்றி நீங்கள் எந்தப் படம் பார்த்திருந்தாலும் இந்தக் காட்சியைப் பார்த்திருப்பீர்கள். நூறு வருஷமாக அந்தப் போருக்கே அதுதான் முகம்.

அது நடித்து எடுத்த காட்சி. போர்முனைக்குப் பின்னால் ஒரு பயிற்சி இடத்தில் படமாக்கப்பட்டது என்பதுதான் ஆராய்ந்தவர்களின் முடிவு. சிப்பாய்கள் முதுகில் மூட்டை இல்லை. காமிரா நிற்கும் இடத்தில் நிஜச் சண்டையில் நின்றிருந்தால் காமிராக்காரரும் இருந்திருக்க மாட்டார், காமிராவும் இருந்திருக்காது. ஆனால் அதே படத்தில் காயம்பட்டவர்களைத் தூக்கிவரும் காட்சிகளும், பீரங்கி வரிசையும், ஜெர்மன் கைதிகளும் நிஜம். 2005-ல் யுனெஸ்கோ அந்தப் படத்தை 'உலகின் நினைவு' பட்டியலில் சேர்த்தது, அது நியாயமும்கூட. முழுக்க மெய்யாக இருந்தாலும் சரி, முழுக்கப் பொய்யாக இருந்தாலும் சரி, ஆராய்ச்சியாளருக்கு வேலை சுலபம். மெய்க்கு நடுவே நாலு ஷாட் பொய் கலந்திருக்கும்போதுதான் அவர் தேவைப்படுகிறார்.

அவர் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்று தெரிந்துகொள்ள பிரிட்டனின் இரண்டு பெரிய தொடர்களை ஒப்பிடலாம். 1964-ல் பிபிசி 'தி கிரேட் வார்' என்று 26 பகுதி எடுத்தது. பிரமாதமான தொடர், ஊரே உட்கார்ந்து பார்த்தது. ஆனால் நிஜக் காட்சிகளையும் நடித்து எடுத்தவற்றையும் சொல்லாமல் கொள்ளாமல் கலந்துவிட்டார்கள். ஃபிலிம் கொடுத்த இம்பீரியல் வார் மியூசியத்தின் இயக்குநர் நோபல் ஃபிராங்க்லண்ட் இதற்குக் கடுமையாக ஆட்சேபம் தெரிவித்தார். நடித்தது என்றால் நடித்தது என்று திரையில் போட வேண்டியதுதானே என்பது அவர் கட்சி. அவர் சொன்னதில் என்ன தப்பு?

ஒன்பது வருஷம் கழித்து, 1973 அக்டோபரில், தேம்ஸ் டெலிவிஷன் 'தி வேர்ல்ட் அட் வார்' தொடரை ஆரம்பித்தது. இதுவும் 26 பகுதி. தயாரிப்பாளர் ஜெரமி ஐசக்ஸ், குரல் லாரன்ஸ் ஒலிவியே. ஒரு சண்டையின் ஃபிலிமை இன்னொரு சண்டையாகக் காட்டக்கூடாது என்பதை இங்கே கொள்கையாகவே வைத்துக்கொண்டார்கள். இத்தனை பெரிய தொடரில் எல்லா இடத்திலும் அதைக் காப்பாற்ற முடிந்ததா என்றால், அது வேறு விஷயம். ஃபிலிம் ஆராய்ச்சிக்கு என்றே ரே ஃபார், ஜான் ரோ என்று இருவர் இருந்தார்கள். ரே ஃபார் பிற்பாடு வாஷிங்டனில் யூத இனப்படுகொலை அருங்காட்சியகத்தின் ஃபிலிம் காப்பகத்துக்கே தலைமை வகித்தார். அரை நூற்றாண்டு தாண்டியும் அந்தத் தொடரைப் பார்க்க முடிகிறது என்றால், ஒலிவியேயின் குரல் மட்டும் காரணமில்லை. படத்துக்கும் வார்த்தைக்கும் நடுவே மோசடி இருந்தால் ஒருநாள் இல்லாவிட்டால் ஒருநாள் பல்லிளிக்கும். இதில் அது குறைவு.

இனி சொல்லப்போவது கொஞ்சம் கனமான விஷயம். சாப்பிட்டுக்கொண்டே படிப்பவர்கள் முடித்துவிட்டு வாருங்கள்.

1942 மே மாதம், போலந்தின் வார்சா நகரில், யூதர்களை அடைத்துவைத்திருந்த கெட்டோவுக்குள் ஒரு ஜெர்மன் படக்குழு நுழைந்தது. சுமார் ஒரு மாதம் படம் பிடித்தது. போருக்குப் பிறகு கிழக்கு ஜெர்மனியின் காப்பகத்தில் அந்தச் சுருள்கள் கிடைத்தன. ஒரு மணி நேரம் ஓடும் மௌனப் படம். டைட்டில் இல்லை, வர்ணனை இல்லை. டப்பாவின் மேல் 'தாஸ் கெட்டோ' என்று மட்டும் எழுதியிருந்தது. தெருவோரம் பட்டினிப் பிணங்கள், ஓட்டை உடையில் குழந்தைகள். கூடவே, நல்ல கோட்டு சூட்டோடு உணவு விடுதியில் விருந்து சாப்பிடும் யூதர்கள், பிணத்தைத் தாண்டிச் சாவகாசமாக நடக்கும் சீமாட்டிகள். பல பத்தாண்டுகள் இந்தச் சுருளிலிருந்து வெட்டி வெட்டி எத்தனையோ ஆவணப்படங்களில் கெட்டோ வாழ்க்கையின் நேரடிச் சாட்சியாகப் போட்டார்கள்.

1998-ல் ஏட்ரியன் வுட் என்ற பிரிட்டிஷ் ஃபிலிம் ஆராய்ச்சியாளர் அமெரிக்க விமானப்படைத் தளம் ஒன்றின் ஃபிலிம் கிடங்கில் இன்னொரு சுருளைக் கண்டார். அரை மணி நேரம். அதே படத்தில் வேண்டாம் என்று வெட்டிப்போட்ட துண்டுகள். போட்டுப் பார்த்தால் விஷயம் விளங்கிவிட்டது. அதே சீமாட்டி அதே கடைக்குள் மறுபடி மறுபடி நுழைகிறாள். அதே ஆட்கள் அதே பிச்சைக்காரக் குழந்தைகளைக் கவனிக்காமல் திரும்பத் திரும்பக் கடந்துபோகிறார்கள். சில ஃப்ரேம்களில் இன்னொரு காமிராக்காரரே மாட்டிக்கொள்கிறார். சினிமாவில் எத்தனை டேக் எடுப்பார்களோ, அத்தனை டேக். 'பாருங்கள், பணக்கார யூதன் ஏழை யூதனைச் சாக விடுகிறான்' என்று உலகத்துக்குக் காட்டுவதற்காகத் துப்பாக்கி முனையில் நடந்த ஷூட்டிங்.

2010-ல் இஸ்ரேலிய இயக்குநர் யாயெல் ஹெர்சோன்ஸ்கி இதை வைத்து 'எ ஃபிலிம் அன்ஃபினிஷ்ட்' என்ற படம் எடுத்தார். எனக்குத் தெரிந்து காப்பகக் காட்சிகளை இவ்வளவு நேர்மையாகக் கையாண்ட படங்கள் குறைவு. அவர் அந்த ஒரு மணி நேரத்தைக் குப்பை என்று தூக்கிப் போடவில்லை. சுருள் சுருளாக ஓட்டுகிறார். பக்கத்தில், கெட்டோ நிர்வாகத் தலைவர் செர்னியாகோவ் அந்த நாட்களில் எழுதிய டைரியை வைக்கிறார். போருக்குப் பிறகு அந்தக் காமிராக்காரர்களில் ஒருவரிடம் நடந்த விசாரணையின் பதிவை வைக்கிறார். கெட்டோவில் சிறுவர்களாக இருந்து பிழைத்த சிலரை இருட்டுத் திரையரங்கில் உட்காரவைத்து அந்தப் படத்தைப் பார்க்கச் சொல்கிறார். பிணங்களின் காட்சி வரும்போது பார்க்க முடியாமல் கண்ணை மறைத்துக்கொள்கிறார் ஒருவர்.

இங்கேதான் விஷயம் இருக்கிறது. உணவு விடுதி பொய், பசி நிஜம். விருந்துக்கு வந்தவர்கள் கட்டாயப்படுத்தி உட்காரவைக்கப்பட்டவர்கள், ஆனால் அவர்கள் முகம் அவர்கள் முகம்தான். படப்பிடிப்பு முடிந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை, ஜூலை 22-ல் ஆட்களை ரயிலேற்றி டிரப்ளிங்காவுக்கு அனுப்ப ஆரம்பித்தார்கள். செப்டம்பருக்குள் இரண்டரை லட்சம் பேருக்கு மேல் போய்விட்டார்கள். பலருக்கு உலகத்தில் மிஞ்சியிருக்கும் ஒரே உருவம், கொலைகாரன் எடுத்த அந்த ஃபிலிம். எரித்துவிடவும் முடியாது, அப்படியே நம்பவும் முடியாது. எது நடிப்பு, எது நிஜம் என்று ஒவ்வொரு ஷாட்டாகப் பிரித்துச் சொல்ல வேண்டும். அதற்கு அந்த வெட்டுத் துண்டுகள் வேண்டியிருந்தன. அவற்றைக் கண்டு, இன்னதென்று புரிந்துகொள்ள ஓர் ஆள் வேண்டியிருந்தது.

இதை மனதில் வைத்துக்கொண்டு, எல்லோரும் கொண்டாடிய ஒரு படத்துக்கு வருகிறேன். 2018-ல் பீட்டர் ஜாக்ஸன், 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' எடுத்தவர், அதே வார் மியூசியத்தின் முதல் உலகப் போர் ஃபிலிம்களை வாங்கி 'தே ஷல் நாட் குரோ ஓல்ட்' என்று படம் பண்ணினார். குதித்துக் குதித்து ஓடிய பழைய பொம்மைகளைச் சரியான வேகத்துக்குக் கொண்டுவந்து, கலர் பூசி, உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களை வைத்து என்ன பேசினார்கள் என்று கண்டுபிடித்து, குரலும் கொடுத்தார். கறுப்பு வெள்ளை மெல்லக் கலராக விரியும் அந்த இடத்தில் மயிர்க்கூச்செறிகிறது. பொய் சொல்லவில்லை.

ஆனால் இரண்டு விஷயம் சொல்ல வேண்டும். ஒன்று பாராட்டு. நேருக்கு நேர் கைகலப்பை யாரும் ஃபிலிமில் பிடிக்கவில்லை என்பதால், அந்த இடத்தில் ஜாக்ஸன் போலிக் காட்சியைச் சொருகாமல் அந்தக் காலத்துப் பத்திரிகைச் சித்திரங்களைக் காட்டினார். 'இங்கே ஃபிலிம் இல்லை' என்று ஒப்புக்கொள்வது ஒரு கண்ணியம். இன்னொன்று புகார். படம் முழுக்க இது எந்த ஊர், எந்த வருஷம், எந்தப் படைப்பிரிவு என்று ஒரு வரி கிடையாது. எல்லா முகமும் ஒரே 'சிப்பாய்' ஆகிவிடுகிறது. வேண்டுமென்றுதான் அப்படிச் செய்தார், சாதாரணச் சிப்பாயின் பொதுவான அனுபவத்தைச் சொல்கிறாராம். இருக்கட்டும். ஒரு முகத்துக்குக் கன்னச் சிவப்பும் குரலும் கொடுக்க அத்தனை பாடுபட்டவர், அதற்கு ஒரு தேதியும் கொடுத்திருக்கலாம். கலர் அவர்களை நம் பக்கத்தில் கொண்டுவந்தது. சீட்டு இல்லாததால் அநாதையாகவும் நிறுத்திவிட்டது.

'இதெல்லாம் வெள்ளைக்காரன் சமாசாரம், நமக்கு ஏது' என்று நினைக்காதீர்கள். இந்த வேலையை உலக அளவில் செய்த ஒரு தமிழர் இருந்தார். ஏ.கே.செட்டியார். 1937 அக்டோபர் 2, காந்தி பிறந்தநாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தால் என்ன என்று அவருக்குத் தோன்றியது. அப்போது வயது 26-க்குள். புதிதாகப் படம் பிடிப்பது இரண்டாம்பட்சம். காந்தியை யார் யார் ஏற்கெனவே படம் பிடித்திருக்கிறார்கள், அந்த ஃபிலிம் எல்லாம் எங்கே கிடக்கிறது என்று தேடுவதுதான் முதல் வேலை. சுமார் ஒரு லட்சம் மைல் சுற்றினார். இந்தியா, தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா. நூறு காமிராக்காரர்கள் முப்பது வருஷத்தில் எடுத்ததில் 50,000 அடி ஃபிலிம் சேர்ந்தது. அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்தெடுத்து, தமிழ் வர்ணனையோடு 1940-ல் சென்னையில் வெளியிட்டார். கணக்குப் போட்டால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடக்கூடியதைப் பார்த்து இரண்டேகால் மணி நேரமாக்கியிருக்கிறார். கம்ப்யூட்டர் கிடையாது, ஈமெயில் கிடையாது, பக்கத்தில் உலக யுத்தம். தேடலின் கதையை அவரே எழுதியிருக்கிறார், 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற புத்தகமாகக் கிடைக்கிறது. வாங்கிப் படியுங்கள், துப்பறியும் நாவல் தோற்றுவிடும்.

பிறகு நடந்ததுதான் நம் லட்சணம். 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலத்தில் ஒரு சுருக்கம் வெளியானது. அதன் பிரதி ஒன்று அங்கே ஒரு பல்கலைக்கழகத்தில் இருப்பதை வரலாற்றாசிரியர் ஆ.இரா.வேங்கடாசலபதி கண்டறிந்து சொன்னார். தமிழ்ப் படம் காணாமல் போய்விட்டது. உலகமெல்லாம் அலைந்து அடுத்தவர் ஃபிலிமைத் தேடிக் காப்பாற்றியவரின் ஃபிலிமை நம்மால் காப்பாற்ற முடியவில்லை.

பழையதுதான் போயிற்று, புதியதையாவது ஒழுங்காக வைத்திருக்கிறோமா? 2021 செப்டம்பரில், ஆஃப்கானிஸ்தானின் பஞ்ச்ஷிர் பள்ளத்தாக்கில் நடந்த விமானத் தாக்குதல் என்று சில இந்தியச் செய்திச் சேனல்கள் ஒரு காட்சியைப் பரபரப்பாகக் காட்டின. அது 'ஆர்மா 3' என்ற கம்ப்யூட்டர் விளையாட்டு. பக்கத்து வீட்டுப் பையனைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பான். சேனலில் காமிரா இருந்தது, கிராஃபிக்ஸ் இருந்தது, கத்துவதற்கு ஆள் இருந்தது. 'இது எங்கிருந்து வந்தது?' என்று கேட்கிற ஒரு சம்பளக்காரர்தான் இல்லை.

இப்போது செயற்கை நுண்ணறிவு வேறு வந்துவிட்டது. 1930-ம் வருஷத்து மதராஸ் தெரு வேண்டும் என்றால், கீறலும் புள்ளியுமாகப் பழைய ஃபிலிம் போலவே செய்து கொடுக்கிறது. இதைப் பார்த்துக் கவலைப்பட்ட அமெரிக்க ஃபுட்டேஜ் ஆராய்ச்சியாளர்கள் சங்கமாகச் சேர்ந்து 2024-ல் சில நெறிமுறைகள் வெளியிட்டார்கள். சாரம் எளிமையானது: செயற்கையாகச் செய்த காட்சியைப் போட்டால் அப்படி என்று பார்ப்பவருக்குச் சொல்லுங்கள். ஃபிராங்க்லண்ட் 1964-ல் கேட்டதும் இதைத்தான்.

எனவே அடுத்த முறை டிவியில் கறுப்பு வெள்ளைக் காட்சி ஓடும்போது மூன்றே கேள்வி கேளுங்கள். எங்கே? எப்போது? காமிராவைப் பிடித்திருந்தவர் யார், அவர் எதற்காகப் பிடித்தார்? பதில் திரையில் இல்லையென்றால், வர்ணனைக் குரல் எவ்வளவு கம்பீரமாக இருந்தாலும் பாதிதான் நம்புங்கள். படம் முடிந்ததும் அந்தப் பொடி எழுத்துப் பெயர் வருகிறதா என்றும் பாருங்கள். நம் சேனல்களின் சரித்திர நிகழ்ச்சிகளில் மேக்கப்மேன் பெயர் வரும், இது அநேகமாக வராது. ஒரு கார்டு போட்டுக் கேளுங்களேன்.

கூடவே ஒரு சின்ன வீட்டுப்பாடம். உங்கள் பரணில் தாத்தா எடுத்த எட்டு எம்.எம். சுருளோ, அக்கா கல்யாண வீடியோ கேசட்டோ கிடக்கும். விவரம் தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு, யார், எங்கே, எப்போது என்று ஒரு சீட்டில் எழுதி ஒட்டிவிடுங்கள். தெரியாததைத் தெரியாது என்றே எழுதுங்கள். செட்டியாரின் தமிழ்ச் சுருள்கள்கூட எங்கோ ஒரு பெட்டியில், தப்பான சீட்டோடு, யாரும் திறந்து பார்க்காமல் கிடக்கலாம்.